பூனாவா, சினிமா அசிஸ்டென்டா, கல்யாண வீடியோவா? ஆவணப்படக் கேமராவுக்குப் போகும் வழிகள்

தம்பி மகள் இந்த வருடம் பாளையங்கோட்டையில் விஸ்காம் முடித்தாள். கடைசிப் பரீட்சை எழுதிய அன்றைக்கே எனக்குப் போன். "பெரியப்பா, நான் டாக்குமெண்டரிக்குத்தான் கேமரா பண்ணப்போறேன். எங்க போய்ச் சேரட்டும்?" அவள் பேசி முடிப்பதற்குள் தம்பி போனை வாங்கிக்கொண்டான். "அண்ணே, இதுல சோறு கிடைக்குமான்னு மட்டும் சொல்லு."

19 வருடமாக இதே வேலையில் இருக்கிறேன் என்பதால் இரண்டு கேள்விக்கும் என்னிடம் சட்டென்று பதில் இருக்கும் என்று நினைத்துவிட்டார்கள். யோசித்துச் சொல்கிறேன் என்று வைத்துவிட்டேன். அன்று ராத்திரி அவள் வாட்ஸாப்பில் ஒரு பட்டியல் அனுப்பினாள்: பூனா ஃபிலிம் இன்ஸ்டிட்யூட், சென்னை தரமணி இன்ஸ்டிட்யூட், சினிமாவில் அசிஸ்டென்ட், நியூஸ் சேனல், லோன் போட்டுச் சொந்தக் கேமரா. கல்யாண வீடியோ அதில் இல்லை. பெரியப்பா வந்த வழி அதுதான் என்று அவளுக்குத் தெரியும். நாகரிகமாக விட்டிருக்கிறாள். நானே சேர்த்துக்கொண்டேன்.

அவளுக்கு எழுதியதைத்தான் இங்கே கொஞ்சம் விரித்து எழுதுகிறேன்.

வழியைப் பார்ப்பதற்கு முன்னால் வேலை என்னவென்று பார்த்துவிடலாம். சினிமா செட்டில் ஒரு ஷாட் சரியாக வராவிட்டால் 'ஒன் மோர்' உண்டு. ஆவணப்படத்தில் கிடையாது. உப்பளத்தில் வேலை பார்க்கும் ஓர் அம்மா கூலியைப் பற்றிப் பேசிக்கொண்டே வந்தவர், திடீரென்று செத்துப்போன மகனைப் பற்றிப் பேச ஆரம்பிக்கிறார். முகத்துக்கு நெருங்கிப் போவதா, இருந்த இடத்திலேயே நிற்பதா, உப்பு அரித்த அந்தக் கையைக் காட்டுவதா? ஃபோகஸ் உன் விரலில்தான் இருக்கிறது. அதற்கென்று தனி ஆள் கிடையாது. காதில் ஹெட்போன், அதில் காலர் மைக் மேல் சேலை உரசும் சத்தம். வெயில் ஏற ஏற வெள்ளை உப்பு பிரேமைத் தின்றுகொண்டிருக்கிறது. "அம்மா, அதை இன்னொரு தடவை சொல்லுங்க" என்று கேட்கலாம். கேட்கிறவர்களும் இருக்கிறார்கள். கேட்ட பிறகு வருவது வேறு ஏதோ ஒன்று.

ஆக, ஒவ்வொரு வழியையும் இரண்டு கேள்வி வைத்துப் பார்த்தேன். ஒன் மோர் கேட்காமல் எடுக்க அது பழக்குமா? அந்த வழியில் போய் முடிக்கும்போது தலையில் எவ்வளவு கடன் இருக்கும்? இரண்டாவது கேள்வி பணத்தைப் பற்றியது மாதிரித் தெரியும். எனக்கு அது நேரத்தைப் பற்றியது. முதுமலையில் பொம்மன், பெள்ளி தம்பதியையும் அவர்கள் வளர்த்த யானைக்குட்டியையும் வைத்து கார்த்திகி கோன்சால்வ்ஸ் எடுத்து, 2023-ல் ஆஸ்கர் வாங்கிய படம் ஓடுவது சுமார் 40 நிமிடம். வேலை நடந்தது ஐந்து வருடம். ஆனந்த் பட்வர்தனின் 'ஜெய் பீம் காம்ரேட்' ஆவணப்படம் 14 வருட வேலை. மாதாமாதம் இஎம்ஐ கட்டுகிறவரால் ஒரே ஊருக்கு ஐந்து வருடம் திரும்பத் திரும்பப் போய் நிற்க முடியாது.

சரி, முதலில் படிப்பு.

பூனா ஃபிலிம் இன்ஸ்டிட்யூட் 1960-ல் பழைய பிரபாத் ஸ்டுடியோ வளாகத்தில் தொடங்கியது. கொல்கத்தாவில் சத்யஜித் ராய் பெயரில் இருப்பது 1995-ல் வந்தது. இரண்டும் மத்திய அரசுடையவை. ஒளிப்பதிவுக்கு 3 வருடப் படிப்பு. ஏதாவது ஒரு டிகிரி இருந்தால் நுழைவுத்தேர்வு எழுதலாம். எடுப்பது கைவிரல் கணக்கை ஒட்டித்தான். தரமணியில் இருக்கும் எம்.ஜி.ஆர். அரசுப் பயிற்சி நிறுவனம் (பழைய ஆட்களுக்கு இன்னும் 'அடையாறு இன்ஸ்டிட்யூட்') பி.சி.ஸ்ரீராம் படித்த இடம். அங்கே இப்போது இருப்பது பிளஸ் டூ முடித்தவர்களுக்கான 4 வருட இளங்கலைப் படிப்பு. டிகிரி கையில் இருக்கிற பிள்ளை மறுபடி முதல் வருடத்தில் போய் உட்கார வேண்டும். பிளஸ் டூவில் கேட்டிருந்தால் யோசிக்காமல் தரமணியைத்தான் சொல்லியிருப்பேன். இப்போது அவளுக்கு அது நான்கு வருட நஷ்டம்.

பூனா என்ன கொடுக்கும்? லென்ஸ் கணக்கும் லைட் கணக்கும் இன்று யூடியூபிலேயே கிடைக்கின்றன. அங்கே கிடைப்பது பக்கத்து அறை. டைரக்‌ஷன் படிக்கும் பையனோ பெண்ணோ பத்து வருடம் கழித்து ஒரு படத்துக்குக் காசு தேற்றி, "யாரைக் கூப்பிடலாம்" என்று யோசிக்கும்போது நினைவுக்கு வருவது கேன்டீனில் கூட உட்கார்ந்து சண்டை போட்ட முகம்தான். இந்த வேலையில் ஆள் எடுப்பது விளம்பரம் பார்த்து அல்ல. ஒரு ஜீப்பில் இருபது நாள் கூட உட்கார்ந்து வரக்கூடிய ஆளா என்று பார்த்துத்தான்.

அங்கிருந்து வந்து ஆவணப்படத்திலேயே ஊறியவர்கள் இருக்கிறார்கள். நவ்ரோஸ் கான்ட்ராக்டர், ரஞ்சன் பாலித் என்று பெயர்கள் உண்டு. நமக்குப் பக்கத்தில் ஆர்.வி.ரமணி. பூனாவில் ஒளிப்பதிவு படித்துவிட்டு, சென்னையில் இருந்துகொண்டு, தானே கேமராவைப் பிடித்துத் தன் படங்களை எடுப்பவர். 2004 சுனாமியில் அவர் கேமராவே போனது. அதை வைத்தே ஒரு படம் செய்தார். கேமரா போனால் எனக்கு முதலில் இன்ஷூரன்ஸ்தான் ஞாபகம் வரும்.

இன்னொருவர் சௌமியானந்த சாஹி. கோயம்புத்தூரில் எடுத்த அருண் கார்த்திக்கின் 'நசீர்' அவர் ஒளிப்பதிவு, அது கதைப்படம். டெல்லியில் அடிபட்ட பருந்துகளுக்கு வைத்தியம் பார்க்கும் சகோதரர்களைப் பற்றிய 'ஆல் தட் ப்ரீத்ஸ்' (2022) ஆவணப்படத்திலும் கேமரா பிடித்த மூவரில் ஒருவர். அந்தப் படத்தைப் பார்த்தால் ஒன்று தெரியும். ஆவணப்படம் என்றாலே தோளில் கேமராவைத் தூக்கிக்கொண்டு ஓடுவது என்றுதான் பலர் நினைக்கிறார்கள். அதில் ட்ரைபாட் மேல் நின்று மெதுவாக, அவசரமே இல்லாமல் திரும்பும் கேமரா. ராத்திரியில் குப்பைமேட்டில் எலிகள் ஓடும் ஷாட்டை எடுக்க எத்தனை ராத்திரி அங்கே நின்றிருப்பார்கள் என்றுதான் எனக்கு ஓடியது. கதைப்படத்தின் இலக்கணத்தைத் தெரிந்த கை ஆவணப்படத்துக்கு வந்தால் இப்படியும் ஆகும். அதனால் 'சினிமா படித்தால் ஆவணப்படம் வராது' என்று நான் சொல்ல மாட்டேன்.

பூனாவின் குறை நேரம். 3 வருடப் படிப்பு 3 வருடத்தில் முடியாமல் இழுத்த பேட்ச்கள் உண்டு. அப்புறம், வகுப்பும் பேச்சும் ஆங்கிலம், இந்தி. முதல் ஆறு மாதம் நம் பிள்ளைகள் வாயைத் திறக்க மாட்டார்கள். அதற்குப் பிறகு அவர்களை நிறுத்த முடியாது. லட்சக்கணக்கில் ஃபீஸ் கேட்கும் தனியார் கல்லூரிகளைப் பற்றி ஒரு வரி போதும்: அந்தக் கடனோடு ஆவணப்படத்துக்கு வர முடியாது. அங்கே படித்து எனக்குத் தெரிந்த நல்ல பிள்ளைகள் பலர் இப்போது நகைக்கடை விளம்பரம் எடுக்கிறார்கள். தப்பில்லை. லோன் கட்டியாக வேண்டுமே.

அடுத்தது சினிமா அசிஸ்டென்ட். சென்னை சாலிகிராமத்தில் ஓர் அறை, நாலு பேர் வாடகை பகிர்வு, ஒரு ஒளிப்பதிவாளர் வீட்டு வாசல். சேர்ந்தவுடன் பேட்டரி சார்ஜ் போடுவது, லென்ஸ் பெட்டி தூக்குவது, ரிப்போர்ட் எழுதுவது. கொஞ்ச நாள் கழித்து ஃபோகஸ். சங்கக் கார்டு வாங்க வேண்டும், அதற்குப் பணம் கட்ட வேண்டும். முதல் ஒன்றிரண்டு வருடம் பேட்டாவில் ஓடும். ஆவணப்படத்துக்குச் சங்கம் கேட்பார் இல்லை. அந்த உலகத்துக்குள் இந்தக் கார்டுக்கு வேலையும் இல்லை.

ஆனால் வெளிச்சம் என்றால் என்ன என்று அங்கே கற்பது மாதிரி எங்கேயும் கற்க முடியாது. ஒரு முகத்துக்குப் பக்கத்தில் தெர்மாகோலை அரை அடி நகர்த்தினால் கண்ணுக்குக் கீழே என்ன ஆகிறது என்று 60 நாள் தொடர்ந்து பார்த்தவருக்கு, அப்புறம் ஜன்னலோரத்தில் ஒரு பாட்டியை எங்கே உட்காரச் சொல்ல வேண்டும் என்று யோசிக்கவே வேண்டாம். நான் அதை ஏழெட்டு வருடம் தப்புத் தப்பாகச் செய்துதான் கற்றேன்.

கெடுப்பது என்ன என்றால், அங்கே எல்லாம் கேமராவுக்காகக் காத்திருக்கும். நடிகர் தரையில் ஒட்டிய டேப்பில் வந்து நிற்பார். லைட் சரியாகும் வரை நூறு பேர் டீ குடித்துக்கொண்டு நிற்பார்கள். ஆவணப்படத்தில் கேமராதான் ஆளுக்காகக் காத்திருக்க வேண்டும். ஒரு தடவை நெசவாளர் வீட்டில் ஷூட். சினிமாவில் நாலு படம் வேலை பார்த்த இளைஞர் ஒருவர் எனக்கு உதவிக்கு வந்திருந்தார், கெட்டிக்காரர். நான் ட்ரைபாட் லெவல் பார்த்து நிமிர்வதற்குள், தறிக்குப் பின்னால் கொடியில் காய்ந்த துணியையெல்லாம் எடுத்து மடித்து வைத்துவிட்டார். "சார், பிரேம்ல இடிச்சுச்சு." அந்தக் கொடியில் தொங்கியது இன்ஜினியரிங் கல்லூரியில் படிக்கும் மகளின் யூனிஃபார்ம் கோட். அந்த வீட்டில் தறி ஏன் இன்னும் ஓடுகிறது என்பதற்கு அதுதான் பதில். அவர் செய்தது அவர் படித்த பள்ளிக்குச் சரி. மறுபடி மாட்டச் சொன்னேன். மாட்டினார், மாட்டிய கோட் மாட்டிய கோட் மாதிரியே இருந்தது. கடைசியில் அந்த ஷாட்டைப் படத்தில் வைக்கவில்லை.

அமெரிக்க ஒளிப்பதிவாளர் கிர்ஸ்டன் ஜான்சன், பல வருடம் மற்றவர்களின் படங்களுக்கு எடுத்ததில் மிஞ்சியதைக் கோத்து 2016-ல் ஒரு படம் செய்தார். அதில் ஓர் இடத்தில் வெட்டவெளி, மேகம், மின்னல். கேமராவுக்குப் பின்னால் அவர் மூச்சை இழுப்பது கேட்கும். அப்புறம் அவருக்குத் தும்மல் வரும், பிரேம் குலுங்கும். சினிமாவில் அது 'என்.ஜி.' (நோ குட்). இங்கே அதுதான் ஷாட். அசிஸ்டென்டாக இருந்துவிட்டு வருகிறவருக்கு இந்த வித்தியாசம் கைக்கு இறங்க ஓரிரு வருடம் பிடிக்கும்.

ஆவணப்பட ஒளிப்பதிவாளரிடமே அசிஸ்டென்டாகச் சேர்ந்தால் என்ன என்று கேட்கலாம். அருமையான வழி, ஆனால் இடமே இருக்காது. யூனிட் மொத்தம் மூன்று பேர்: டைரக்டர், கேமரா, சவுண்டு. காரில் நாலாவது சீட்டில் ட்ரைபாட் படுத்திருக்கும்.

இப்போது நம்ம கல்யாண வீடியோ.

கோவில்பட்டியில் ஒரு ஸ்டுடியோவில்தான் நான் ஆரம்பித்தேன். மினி டிவி (DV) கேசட் காலம். ஒரு கேசட் 60 நிமிடம், தோளில் வைக்கும் பானாசோனிக் கேமரா, பின்னால் ஹாலஜன் லைட்டைத் தூக்கிக்கொண்டு ஒரு பையன். மூன்றாவது கல்யாணத்திலேயே எனக்கு விழுந்தது. கெட்டிமேளம் தொடங்கி எல்லோரும் எழுந்துவிட்டார்கள், அட்சதை பறக்கிறது, மாப்பிள்ளை கை போகிறது, பெண்ணின் தாய்மாமன் உணர்ச்சிவசப்பட்டு முன்னால் குனிந்தார். மூன்று முடிச்சும் அவர் வழுக்கைத் தலைக்குப் பின்னால் நடந்து முடிந்தது. என் கேசட்டில் இருந்தது முழுக்க அந்தத் தலை. மஞ்சள் அரிசி இரண்டு அதில் ஒட்டியிருந்தது. "தாலியை இன்னொரு தடவை கட்டுங்க" என்று யாரிடம் கேட்பது? ஸ்டுடியோ முதலாளி அந்த மாதச் சம்பளத்தில் பிடித்துக்கொண்டார். அதற்குப் பிறகு எந்த மண்டபத்துக்குப் போனாலும் முதல் அரை மணி நேரம் நான் பார்த்தது அலங்காரத்தை அல்ல. யார் தாய்மாமன், அவர் எந்தப் பக்கம் நிற்பார் என்பதைத்தான்.

ஆவணப்படத்துக்கு வேண்டியது அதேதான். அடுத்து யார் எங்கே நகர்வார், யார் கண் கலங்கப் போகிறார் என்று ஒரு நொடி முன்னால் தெரிய வேண்டும். 14 மணி நேரம் நிற்க வேண்டும், கடைசிப் பந்தியில் சாப்பிட வேண்டும், முந்நூறு பேர் நடுவில் ஒரு மேசை நாற்காலி மாதிரி ஆகிவிட வேண்டும். ஒரு வீட்டுக்குள் போய் அரை மணி நேரத்தில் அந்த வீட்டில் யார் பேச்சு எடுபடும், யார் யாரோடு பேசுவதில்லை என்று கண்டுபிடிக்க வேண்டும். இதற்கு எந்த இன்ஸ்டிட்யூட்டிலும் பாடம் இல்லை.

தொழில்நுட்பமும் சும்மா வருகிறது. ஒரு மண்டபத்தில் ட்யூப் லைட், சீரியல் பல்பு, மேடையில் எல்இடி, ஜன்னலில் வெயில் எல்லாம் ஒன்றாக இருக்கும். நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். விளக்கு நொடிக்கு 100 தடவை ஏறி இறங்குகிறது. அதனால் நொடிக்கு 25 பிரேம், 1/50 ஷட்டர் என்று வைத்தால் படம் சாதுவாக இருக்கும். வெளிநாட்டு யூடியூபர் சொன்னார் என்று 30 பிரேம், 1/60 வைத்தால் ட்யூப் லைட் வெளிச்சத்தில் பட்டை பட்டையாக ஓடும். பள்ளிக்கூடம், ஆஸ்பத்திரி, தாலுகா ஆபீஸ் என்று ஆவணப்படம் எடுக்கப் போகிற இடமெல்லாம் இதே விளக்குதான். கல்யாண வீடியோக்காரர்களுக்கு இது பல் தேய்ப்பது மாதிரி.

ஆனால் ஒன்றைப் பிரித்துச் சொல்ல வேண்டும். இப்போது தொழிலில் 'ட்ரெடிஷனல்', 'கேண்டிட்' என்று இரண்டு வைத்திருக்கிறார்கள். கேண்டிட் என்றால் இயல்பாக இருப்பதை எடுப்பது என்று பெயர். நடப்பது என்னவென்றால், "சார் அப்படியே சிரிச்சுக்கிட்டே நடந்து வாங்க, ஒன் மோர், மேடம் தலையை லேசா திருப்புங்க." நடந்ததை நடந்தபடி எடுக்கிறவர் ட்ரெடிஷனல்காரர்தான், காசு அவருக்குத்தான் கம்மி. பழக வேண்டியது அவரிடம். கேண்டிட்டில் நாலு வருடம் இருந்தால் கிம்பல் (கேமரா ஆடாமல் பிடிக்கும் கருவி), ஸ்லோ மோஷன், மேலே ஒரு பாட்டு என்று கை கெட்டுவிடும். எல்லோரையும் அழகாகவே காட்டியாக வேண்டும் என்ற பழக்கம் எனக்கே போக நாளானது.

இன்னொரு வசதி உண்டு. ஆடியிலும் மார்கழியிலும் முகூர்த்தம் இல்லை. வருடத்தில் இரண்டு மாதம் ஸ்டுடியோ ஈ ஓட்டும். கேமரா சும்மா கிடக்கும். முதலாளியிடம் பேசி வைத்துக்கொண்டால் அந்தக் கேமரா உன்னுடையது. என் முதல் படம் அப்படித்தான் எடுத்தது, இரண்டு மார்கழியில். கடன் பூஜ்யம்.

நியூஸ் சேனலைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். சம்பளம் மாதம் பிறந்தால் வரும்; பட்டியலில் தம்பிக்குப் பிடித்தது இது ஒன்றுதான். கூட்டத்துக்குள் நுழையும் தைரியம், வேகம், மாவட்டம் முழுக்க ஆள் பழக்கம் எல்லாம் கிடைக்கும். ஆனால் 'விஷுவல் அஞ்சு, பைட் (பேட்டித் துண்டு) ஒண்ணு' என்று ஆறு மாதம் எடுத்தால் கை ஐந்தாவது நொடியில் தானாகவே கட் பண்ணும். ஒரு ஆள் பேசி முடித்த பிறகு வரும் மௌனம்தான் ஆவணப்படத்துக்குச் சோறு. அதுவரை நிற்க நியூஸ் கேமராமேனுக்கு நேரம் இருக்காது, அடுத்த ஸ்பாட்டுக்கு வண்டி கிளம்பியிருக்கும். போனால் இரண்டு வருடத்துக்கு மேல் இருக்காதே என்று எழுதினேன். "சர்க்கார் வேலையா ஏதும் இல்லையா?" என்று தம்பி நடுவில் கேட்டான். இருந்தது. 1948-ல் தொடங்கிய மத்திய அரசின் பிலிம்ஸ் டிவிஷனில் சம்பளத்துக்குக் கேமராமேன்கள் இருந்தார்கள். தியேட்டரில் படத்துக்கு முன்னால் நாம் முணுமுணுத்துக்கொண்டு பார்த்த செய்திப் படமெல்லாம் அவர்கள் எடுத்ததுதான். 2022-ல் அதை என்எஃப்டிசி-யோடு (தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகம்) சேர்த்துவிட்டார்கள். அந்தக் கதவு இப்போது இல்லை.

கடைசி, லோன் போட்டுக் கேமரா. அவள் மனசு உண்மையில் இதில்தான் இருந்தது. சோனி எஃப்எக்ஸ்3 வகைக் கேமரா என்றால் பாடி மட்டுமே மூன்று லட்சத்துக்கு மேல். லென்ஸ், மைக், ட்ரைபாட், மெமரி கார்டு, பேட்டரி என்று சேர்த்தால் ஏறக்குறைய இன்னொரு பங்கு. இதுவரை எல்லோரும் கணக்குப் போடுவார்கள். ஹார்ட் டிஸ்க்கை யாரும் சேர்ப்பதில்லை. நொடிக்கு 100 மெகாபிட் என்று 4கே எடுத்தால் ஒரு மணி நேரத்துக்கு 45 ஜிபி. ஒரு படத்துக்கு 100 மணி நேர ஃபுட்டேஜ் என்பது ரொம்பச் சாதாரணம். 4.5 டிபி ஆகிறது. ஒரு பிரதி போனாலும் இன்னொன்று வேண்டும் என்றால் 9 டிபி. டிஸ்க் பழசாகும், மறுபடி வாங்கி மாற்ற வேண்டும். பிலிம் காலத்துப் பெரியவர்கள் சிரிப்பார்கள். 16 எம்எம்மில் 400 அடிச் சுருள் 11 நிமிடம் ஓடும், அதற்குள் முடிவு பண்ண வேண்டும். இப்போது முடிவே பண்ணாமல் எடுத்துக்கொண்டு போகலாம், எடிட்டர்தான் திட்டுவார்.

இஎம்ஐ தொடங்கிய மாதத்திலிருந்து, வருகிற வேலையெல்லாம் எடுத்தாக வேண்டும். என்ஜிஓ படங்கள், கம்பெனி ஆண்டு விழா, தையல் மிஷின் வாங்கிய பயனாளி சிரிக்கும் ஷாட். நானும் எடுத்திருக்கிறேன், இன்னும் எடுக்கிறேன். அரிசி பருப்பு அதில்தான். ஆனால் அதற்கென்றே கேமரா வாங்கினால், எதற்காக வாங்கினோம் என்பது இரண்டு வருடத்தில் மறந்துவிடும். தேவைப்படும் நாளுக்கு வாடகைக்கு எடுக்கலாம். மற்ற நாளைக்குக் கையில் இருக்கும் போன் போதும்.

கேமரா பெரிசில்லை என்பதற்கு எம்.பழனிகுமாரைச் சொன்னேன். மனிதக் கழிவை மனிதரே அள்ளுவதைப் பற்றி திவ்யபாரதி இயக்கிய 'கக்கூஸ்' (2017) படத்துக்கு ஒளிப்பதிவாளர். மதுரைப் பக்கம் மீன் விற்ற அம்மாவின் மகன். புகைப்படக்காரராக அந்த மக்களோடு தொடர்ந்து பழகுகிறவர். காட்டுயிர்ப் படங்களிலும் இதே கதைதான். சென்னை சேகர் தத்தாத்ரி பள்ளிக்கூட வயதில் பாம்புப் பண்ணைக்கு உதவிக்குப் போனவர். பாம்பு முதலில் வந்தது, கேமரா அப்புறம். (காட்டுக்குள் எடுக்க ஆசைப்படுகிறவர்கள் ஒன்றைத் தெரிந்துகொள்ளுங்கள்: சரணாலயத்துக்குள் கேமராவோடு போக வனத்துறை அனுமதி வேண்டும், அதற்கு அலைவதும் ஷூட்டிங்கில் சேர்த்தி.)

பெண் பிள்ளை என்பதைத் தம்பி வாய்விட்டுக் கேட்கவில்லை. நானே எழுதினேன். பி.ஆர்.விஜயலட்சுமி, ஒளிப்பதிவாளர் அசோக்குமாரிடம் அசிஸ்டென்டாக இருந்து 1985-ல் 'சின்ன வீடு' படத்தில் ஒளிப்பதிவாளர் ஆனார். பூனாவில் படித்த ஃபௌசியா பாத்திமா போன்றவர்கள் சேர்ந்து இப்போது பெண் ஒளிப்பதிவாளர்களுக்கென்று ஓர் அமைப்பே வைத்திருக்கிறார்கள். சந்தேகம் கேட்க, வேலை பகிர ஆள் உண்டு. கஷ்டம் இல்லாமல் இல்லை. லொக்கேஷனில் கழிப்பறை எங்கே, ராத்திரி தங்க தனி அறை உண்டா என்று வேலையை ஒப்புக்கொள்ளும் முன்பே கேட்டுவிட வேண்டும். கேட்டால் முகம் சுளிக்கிற யூனிட்டுக்குப் போக வேண்டாம். அதே சமயம், 19 வருடத்தில் நான் எத்தனை வீட்டு அடுக்களை வாசலில் நின்றுகொண்டு, உள்ளே பெண்கள் பேசுவதை மைக்கில் மட்டும் கேட்டிருக்கிறேன் என்று எனக்குத்தான் தெரியும். அவள் உள்ளே போய் உட்கார்ந்துகொள்வாள். கல்யாண ஸ்டுடியோக்களிலும் மணப்பெண் அறைக்குக் கேமரா பிடிக்கப் பெண்களைத் தேடிக்கொண்டிருக்கிறார்கள்.

அவளுக்கு நான் சொன்ன வரிசை இது. பூனா, கொல்கத்தா நுழைவுத்தேர்வு எழுது. இடம் கிடைத்தால் மறுபேச்சு இல்லாமல் போ. மூன்று என்ன, ஐந்து வருடம் ஆனாலும் சரி. கிடைக்கும் வரை திருநெல்வேலியில் ஒரு ஸ்டுடியோவில் முகூர்த்த நாளுக்கு மட்டும் ட்ரெடிஷனல் வீடியோ. ஆடியை ஒட்டித் திருவனந்தபுரத்தில் ஆவணப்பட, குறும்பட விழா நடக்கும். காலை ரயிலுக்கு ஏறினால் மத்தியானம் கைரளி தியேட்டரில் உட்கார்ந்திருக்கலாம். அங்கே ஒரு வாரத்தில் பார்ப்பது விஸ்காமில் மூன்று வருடம் பார்த்ததைவிட அதிகம். கேமரா வாங்காதே. சினிமா அசிஸ்டென்ட் என்றால் இரண்டு படம், வெளிச்சம் கற்க. அதற்கு மேல் வேண்டாம்.

இது அவளுக்கு. சென்னையிலேயே சொந்த வீடு இருக்கிற பிள்ளை கேட்டிருந்தால் அசிஸ்டென்ட் வேலையை முதலில் சொல்லியிருப்பேன். வாடகை இல்லை என்றால் பேட்டாவில் ஓட்டிவிடலாம். வீட்டுக்கு இந்த மாதமே பணம் தர வேண்டியவர் கேட்டிருந்தால், நியூஸ் சேனல்.

தம்பிக்குத் தனியாக ஒரு வரி எழுதினேன்: சோறு கிடைக்கும், எந்த மாதம் என்றுதான் சொல்ல முடியாது.

இரண்டு நாள் பதில் இல்லை. மூன்றாம் நாள் அவளிடமிருந்து ஒரு வீடியோ வந்தது. உடன்குடிப் பக்கம் அவள் தோழி வீட்டில் கருப்பட்டி காய்ச்சுவதைப் போனில் எடுத்திருக்கிறாள். ஒரே ஷாட், ஒன்பது நிமிடம். அடுப்பில் காய்ந்த ஓலை எரிகிறது, கொப்பரையில் பதநீர் பாகாகிக்கொண்டிருக்கிறது, ஓர் அம்மா துடுப்பால் கிண்டிக்கொண்டே ரேஷன் கடைக்காரரைத் திட்டுகிறார். நாலாவது நிமிடத்தில் பிரேமை விட்டு எழுந்து போய்விட்டார். கேமரா அவர் பின்னால் போகவில்லை. கொப்பரை மட்டும் கொதித்துக்கொண்டிருக்கிறது. வெளியே சிரட்டைகள் ஒன்றோடொன்று மோதும் சத்தம், யாரையோ கூப்பிடும் குரல், கோழி. ஒரு நிமிடத்துக்கு மேல் அப்படியே. பாகு விளிம்பு வரை பொங்குகிறது, இப்போது வழிந்துவிடும் என்று நான் நாற்காலி நுனிக்கு வந்துவிட்டேன். அந்த அம்மா இடுப்பில் சிரட்டைக் கூடையோடு பிரேமுக்குள் வந்து, உட்காராமலேயே ஒரு கிண்டு கிண்டினார். பொங்கியது அடங்கியது.

போன் போட்டேன். "அவங்க எந்திரிச்சுப் போனப்ப ஏன் பின்னாடி திருப்பலை?"

"புகையில கண்ணே தெரியலை பெரியப்பா. போனைச் சுவத்துல சாய்ச்சு வச்சுட்டு மூஞ்சி கழுவப் போயிட்டேன்."

"சரி, உங்க அப்பாகிட்ட குடு" என்றேன்.